இசைத்தட்டு வணிகரும் பாரதி பாட்டும்

வானொலியில் ஒரு பழைய பாடல் ஒலிபரப்பாகுமுன் அறிவிப்பாளர் படத்தின் பெயரைச் சொல்வார்; பாடியவர் பெயரைச் சொல்வார்; இசையமைத்தவரையும் பாட்டை எழுதியவரையும் சொல்வார். அந்தப் பாட்டு யாருக்குச் சொந்தம் என்பதை மட்டும் சொல்வதில்லை. நேயர்களும் கேட்பதில்லை. காற்றில் வருவதற்கு உடைமைக்காரன் யார் என்ற எண்ணமே நமக்கு. ஆனால் பாட்டுக்கும் பத்திரம் உண்டு. நிலத்தைப் போல அதனையும் விற்கலாம், வாங்கலாம், வேலி போட்டுக் காக்கலாம். தமிழ்நாட்டில் இவ்வுண்மையை முதன்முதல் நன்குணர்ந்து, அதனாலேயே உயர்ந்து, அதனாலேயே ஒருமுறை பெரும் வழக்கிலும் சிக்கியவர் ஏ. வி. மெய்யப்பச் செட்டியார். ஏவிஎம் என்ற 3 எழுத்தால் அவரைப் படவுலகம் அறியும். படவுலகுக்கு வருமுன் அவர் இசைத்தட்டு வணிகர் என்பது பலர் மறந்துவிட்ட செய்தி. அந்த வணிகத்தை விட்டுவிட்டு அவர் வாழ்க்கையைச் சொன்னால் பாதிக் கதை விளங்காது.

காரைக்குடியில் 1907ஆம் ஆண்டு ஜூலை 28ஆம் நாள் அவர் பிறந்தார். நகரத்தார் குலத்தினர் பர்மாவிலும் இலங்கையிலும் மலாயாவிலும் வட்டிக்கடை வைத்துப் பொருள் ஈட்டிய காலம் அது. மெய்யப்பரின் தந்தையார் அவிச்சி செட்டியாரோ சொந்த ஊரிலேயே பலசரக்கும் பிறபொருளும் விற்கும் ஒரு கடையை நடத்தினார். அக்கடையில் இசைத்தட்டுகளும் விற்கப்பட்டன. சோப்பும் சீப்பும் விற்ற இடத்தில் பாட்டும் விற்றது. இளைஞரான மெய்யப்பருக்கு மற்றப் பொருள்களைவிட இந்தப் பொருளின்மேல் கண் சென்றது.

அக்காலத்து இசைத்தட்டைக் கண்டிராத இளைய நேயர்களுக்காக இங்கே சிறிது சொல்ல வேண்டும். அரக்கைச் சேர்த்துச் செய்த கரிய தட்டு அது. கீழே விழுந்தால் உடையும். நிமிடத்துக்கு 78 முறை சுழலும். 10 அங்குலத் தட்டின் ஒரு பக்கத்தில் அடங்குவது ஏறக்குறைய 3 நிமிடப் பாட்டு. கச்சேரி மேடையில் அரை மணிநேரம் விரித்துப் பாடுகின்ற வித்துவான், ஒலிப்பதிவு அறைக்கு வந்தால் 3 நிமிடத்துக்குள் பல்லவி தொடங்கிச் சரணம் முடித்து எழுந்துவிட வேண்டும். முழு நாடகத்தையும் கேட்க விரும்புவோருக்குப் பல தட்டுகள் சேர்ந்த தொகுதியாக அது விற்கப்பட்டது. வித்துவான்கள் இதனைக் குறையென்று கருதினர். வணிகருக்கு இது பெரிய பாடமாயிற்று. எந்தப் பாட்டின் எந்தப் பகுதியை மக்கள் மறுபடி மறுபடி கேட்கிறார்கள், எந்தக் குரலுக்கு விலை கொடுக்கிறார்கள் என்பது கடையின் கணக்குப் புத்தகத்தில் நாள்தோறும் எழுதப்படுகிறதன்றோ? மெய்யப்பச் செட்டியார் சங்கீதம் பயின்றவர் அல்லர். அவருடைய காது கடை மேசையில் பழகிய காது.

1930களின் தொடக்கத்தில் அவர் சென்னைக்கு வந்து, நாராயண ஐயங்கார், சுப்பையா செட்டியார் ஆகியோருடன் கூடிச் சரஸ்வதி ஸ்டோர்ஸ் என்னும் நிறுவனத்தைத் தொடங்கினார். ஓடியன் என்ற ஜேர்மானியக் கம்பெனியின் இசைத்தட்டுகளுக்கு அது முகவர் நிலையம். விற்பதோடு நில்லாமல் பாடகர்களைத் தேடிப் பிடித்து ஒலிப்பதிவு செய்விக்கவும் அந்நிறுவனம் முற்பட்டது. சென்னையில் பதிவான குரல் கப்பலேறி ஜேர்மனிக்குப் போய், அங்கே தட்டாக அச்சேறி, மீண்டும் கப்பலில் சென்னைக்கு வந்து சேரும். பாடியவர் தம் குரலைத் தாமே கேட்பதற்குப் பல வாரம் காத்திருக்க வேண்டும். இந்தத் தொழிலை நடத்துபவனுக்கு ஒன்று தெளிவாகத் தெரியும்: குரல் என்பது பாடுபவரிடமிருந்து பிரித்தெடுக்கத்தக்கது. அதனைப் பெட்டியில் அடுக்கலாம், கடல் கடத்தலாம், பாடியவர் முகத்தையே காணாத ஊரில் விற்கலாம்.

இந்த ஓர் அறிவுதான் பின்னர் அவருடைய படத்தொழிலின் அடிப்படையாயிற்று.

1931இல் தமிழ் பேசும்படம் பிறந்தது. அப்போது சென்னையில் பேசும்படத்துக்குரிய ஸ்டூடியோ இல்லை. 1934இல்தான் முதலாவது தோன்றியது. ஆதலால் தமிழ்ப்படம் எடுக்க விரும்பியோர் நடிகர், பாடகர், சமையற்காரர் அனைவரையும் இரயிலேற்றிப் பம்பாய்க்கோ கல்கத்தாவுக்கோ கொண்டு சென்றனர். மெய்யப்பச் செட்டியாரும் அவ்வாறே சென்றார். ‘அல்லி அர்ஜுனா’, ‘ரத்னாவளி’ என்ற இரு படங்கள் கல்கத்தாவில் உருவாகி 1935இல் வெளிவந்தன. இரண்டும் தோல்வி. இசைத்தட்டில் வந்த பணம் படச்சுருளில் போயிற்று. வேறொருவராயின் காரைக்குடிக்குத் திரும்பியிருப்பார்.

அவர் திரும்பவில்லை. ஆனால் அவசரப்படவும் இல்லை. பெங்களூரில் படக்கொட்டகை நடத்திய ஜயந்திலால் என்பவருடன் கூட்டுச் சேர்ந்து, 1938இல் ‘நந்தகுமார்’ என்னும் படத்தை வெளியிட்டார். கிருஷ்ணலீலைக் கதை, மராத்திய இயக்குநர் கேசவராவ் தைபர் இயக்கியது. பாலகிருஷ்ணனாகத் தோன்றியவர் டி. ஆர். மகாலிங்கம் என்னும் சிறுவர். அவருடைய கணீரென்ற குரல் பின்னர் எத்தனை ஆண்டு எத்தனை வீடுகளில் ஒலித்தது என்பதை நேயர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. எனினும் அப்படத்தில் சரித்திரமானது வேறொரு குரல். தேவகியாக நடித்தவரின் பாட்டு செட்டியாருக்கு நிறைவளிக்கவில்லை. லலிதா வெங்கட்ராமன் என்ற பாடகியைப் பாடச்செய்து, அக்குரலை நடிகையின் உதட்டசைவுக்குப் பொருத்தினார். தமிழ்ப்படத்தில் பின்னணிக் குரல் புகுந்தது இதுவே முதன்முறை எனப் படவுலக வரலாறு எழுதினோர் குறிப்பர்.

இன்று இது எமக்கு வியப்பாகத் தோன்றாது. அன்றைய நிலையை எண்ணிப் பார்க்க வேண்டும். நடிப்பவரே பாட வேண்டும் என்பது நாடக மேடை தந்த சட்டம். பாடத் தெரியாதவருக்கு வேடமே இல்லை. படப்பிடிப்பின்போது வாத்தியக்காரர் மரத்தின் பின்னாலோ திரையின் பின்னாலோ மறைந்திருந்து வாசிப்பர். நடிகர் பாடிக்கொண்டே நடிப்பர். இடையில் ஒரு சுருதி பிசகினாலும், காகம் ஒன்று கரைந்தாலும் மறுபடியும் முதலிலிருந்து எடுக்க வேண்டும். குரலும் முகமும் ஓர் உடம்பிலேயே அமைய வேண்டும் என்ற அந்தக் கட்டு, இசைத்தட்டு வணிகர் ஒருவருக்கே முதலில் தேவையற்றதாகத் தோன்றியது. அவர் ஆண்டுக்கணக்காக முகமில்லாக் குரலை விற்றவரல்லவா?

பிரகதி என்ற பெயரில் அடுத்துவந்த படங்கள் அவரை நிலைநிறுத்தின. 1940இல் தெலுங்கில் ‘பூகைலாஸ்’. 1941இல் பம்மல் சம்பந்த முதலியாரின் நாடகத்தைத் தழுவிய ‘சபாபதி’. டி. ஆர். ராமச்சந்திரனும் காளி என். ரத்தினமும் மூடச் சீமானும் மூட வேலைக்காரனுமாக வந்து சிரிப்பூட்டிய ‘சபாபதி’ இன்று பார்த்தாலும் அலுக்காது. 1943இல் கன்னடத்தில் ‘ஹரிச்சந்திரா’ எடுத்தார். அதனைத் தமிழில் மறுபடியும் எடுக்காமல், கன்னட நடிகரின் உதட்டசைவுக்கேற்பத் தமிழ்ப்பேச்சைப் பதிந்து 1944இல் வெளியிட்டார். ஒரு மொழிப் படத்துக்கு வேறு மொழிக் குரலிட்டு வெளியிடும் முறைக்கு இந்நாட்டில் இதுவே தொடக்கம் என்பர். பாட்டை மாற்றியவர் இப்போது பேச்சையே மாற்றிவிட்டார்.

1945இல் வந்த ‘ஸ்ரீ வள்ளி’யில் இந்தத் துணிவு இன்னொரு படி மேலே சென்றது. முருகனாக மகாலிங்கம், வள்ளியாகக் குமாரி ருக்மிணி. மகாலிங்கத்தின் குரலுக்கு ஈடாக ருக்மிணியின் பாட்டு அமையவில்லை என்று செட்டியார் கருதினார். படமோ முடிந்துவிட்டது. பி. ஏ. பெரியநாயகியை அழைத்து, திரையில் ஓடும் உதட்டசைவைப் பார்த்துப் பார்த்துப் பாடச்செய்து, பழைய குரலை நீக்கிப் புதிய குரலைச் சேர்த்தார். முன்னரே பாட்டைப் பதிந்துகொண்டு அதற்கேற்ப வாயசைப்பது எளிது. அசைந்து முடிந்த வாய்க்குள் பாட்டை நுழைப்பது கடினம். மூச்சு விடும் இடம் கூட மாறக்கூடாது. பெரியநாயகி அதனைச் செய்து காட்டினார். படம் பெருவெற்றி பெற்றது. ருக்மிணியின் மனம் என்ன பாடுபட்டிருக்கும் என்று எண்ணுவோரும் இருப்பர், எண்ண வேண்டியதுதான். தொழில் முன்னேற்றம் என்று சொல்லப்படுவனவற்றில் இப்படிச் சில முகங்கள் மௌனமாக்கப்படுகின்றன.

‘ஸ்ரீ வள்ளி’க்குப் பின் பழைய கூட்டு முடிந்தது. ஏவிஎம் என்ற பெயரில் தமக்கெனத் தனி நிறுவனம் அமைத்தார். ஆயினும் போர்க்காலத் தட்டுப்பாட்டால் சென்னையில் புது ஸ்டூடியோவுக்கு மின்சாரம் கிடைக்கவில்லை. செட்டியார் சொந்த ஊரை நினைத்தார். காரைக்குடியில் நாடகக் கொட்டகை ஒன்றையும் அதனைச் சூழ்ந்த நிலத்தையும் வாடகைக்குப் பெற்று, கீற்றும் தகரமும் வேய்ந்து அதனையே ஸ்டூடியோவாக்கினார். செட்டிநாட்டு வெயிலில், நாடகக் கம்பெனி போலக் கூடி உண்டு கூடி உறங்கி, அங்கே ஒரு படம் எடுக்கப்பட்டது. அதுதான் ‘நாம் இருவர்’.

ப. நீலகண்டன் எழுதிய ‘தியாக உள்ளம்’ என்ற மேடை நாடகமே அதன் கதை. செட்டியாரே இயக்கினார். மகாலிங்கம், டி. ஏ. ஜெயலட்சுமி, பி. ஆர். பந்துலு ஆகியோர் நடித்தனர். 20 வயதைச் சற்றே தாண்டிய வி. கே. ராமசாமி நரைத்தலைக் கிழவராக முதன்முதல் திரையில் தோன்றியதும் இதிலேதான். இசை ஆர். சுதர்சனம்; 1940கள் முதல் 1960கள் வரை ஏவிஎம்முக்கு ஆஸ்தான வித்துவான் போல விளங்கியவர். படம் 1947 ஜனவரியில் பொங்கலை ஒட்டி வெளிவந்தது. இந்தியா விடுதலை பெறுவதற்கு இன்னும் 7 மாதம் இருந்தது. ஆனால் திரையிலே விடுதலை வந்துவிட்டது! பாரதியாரின் பாடல்களை டி. கே. பட்டம்மாள் பாட, சிறுமி கமலா ஆடினாள். கச்சேரி மேடையின் கௌரவத்தைப் பெரிதும் பேணிய பட்டம்மாள் சினிமாவுக்குப் பாட இசைந்தது, பாட்டு பாரதி பாட்டு என்பதனாலேயே. கொட்டகையிலிருந்து வெளியே வந்தோர் அப்பாடல்களைப் பாடிக்கொண்டே வீடு சென்றனர்.

இதே ஜனவரியில் இலங்கையின் முதற் சிங்களப் பேசும்படமான ‘கடவுனு பொரொந்துவ’வும் கொழும்பில் திரையேறியது. அது உருவானது காரைக்குடிக்குத் தொலைவில்லாத மதுரையில், எஸ். எம். நாயகத்தின் ஸ்டூடியோவில். இரு நாட்டு விடுதலையின் வாசலில் பாண்டிநாட்டுப் பக்கத்து இரு படச்சாலைகள் இப்படி வேலை செய்துகொண்டிருந்தன என்பது நினைவிற் கொள்ளத்தக்கது.

இனி வழக்குக்கு வருவோம். பாரதியார் 1921 செப்டெம்பரில் 39 வயது நிறையுமுன் மறைந்தார். உயிரோடிருந்தபோது தம் நூல்களை அச்சிடப் பணமின்றி ஊர் ஊராகக் கடிதம் எழுதியவர் அவர். மறைந்தபின் அவருடைய நூலுரிமை குடும்பத்தினர் கையிலிருந்து, அவருடைய தம்பி சி. விசுவநாதையர் முதலியோர் நடத்திய பாரதி பிரசுராலயத்தின் கைக்கு வந்தது. 1928இல் சென்னை மாகாண அரசாங்கம் அவருடைய பாட்டுப் புத்தகங்களைப் பறிமுதல் செய்தது. அதனால் பாட்டின் புகழ் பெருகியதேயன்றிக் குறையவில்லை. நாடக மேடையில் பாடினர். காங்கிரஸ் கூட்டங்களில் பாடினர். மேடையிலும் தெருவிலும் பாடியவரை யாரும் உரிமை கேட்டு மறிக்கவில்லை.

இங்கே ஒரு நுட்பத்தை விளக்க வேண்டும். ஒரு கவிதையை அச்சிடும் உரிமை வேறு. அதனை ஒலிப்பதிவு செய்து தட்டாக விற்கும் உரிமை வேறு. கவிஞன் ஒருவனே ஆயினும் அவன் ஆக்கத்துக்குப் பல கதவுகள் உண்டு. ஒவ்வொரு கதவின் திறவுகோலையும் தனித்தனியே விற்கலாம். 1934இல் பிரசுராலயத்தார் ஒலிப்பதிவுக் கதவின் திறவுகோலை ஜெசிங்லால் மேத்தா என்னும் வணிகருக்கு விற்றுவிட்டனர். புத்தகம் விற்பதே அரிதாயிருந்த நாளில் பாட்டை ஊசிமுனையில் கேட்கும் உரிமைக்கு என்ன பெரிய விலை வந்துவிடப் போகிறது என்று அவர்கள் எண்ணியிருக்கலாம். அன்றைய சட்டப்படி நூலுரிமை ஆசிரியர் மறைந்து 50 ஆண்டு வரை நீளும். பாரதி பாட்டுக்கு அந்த வரம்பு 1971.

இசைத்தட்டுத் தொழிலில் வளர்ந்த மெய்யப்பச் செட்டியாருக்கு மட்டும் அந்தத் திறவுகோலின் மதிப்புத் தெரிந்தது. 1940களில் அதனை மேத்தாவிடமிருந்து விலைக்கு வாங்கினார். ‘நாம் இருவர்’ படத்தில் பாரதி பாட்டு அத்தனை தாராளமாக ஒலித்தது இவ்வுரிமையின் பலத்தினால்தான். 1948இல் ‘வேதாள உலகம்’, 1949இல் ‘வாழ்க்கை’ என அடுத்த படங்களிலும் பாரதி பாடல்கள் தொடர்ந்தன. இதுவரை எவருக்கும் மனக்குறை இல்லை. நல்ல பாட்டு, நல்ல குரல், நல்ல படம்.

1948இல் வேறொரு படம் வந்தது. டி. கே. எஸ். சகோதரர்கள் என்று நாடறிந்த நாடகக் குழுவினர் எடுத்த ‘பில்ஹணன்’. கதாநாயகர் டி. கே. சண்முகம். தேசியப் பாட்டை மேடையில் பாடிப் பழகிய குழு அது. படத்தில் பாரதியார் பாட்டு ஒன்றைச் சேர்த்துக்கொண்டனர். உடனே ஏவிஎம் தரப்பிலிருந்து சட்ட நடவடிக்கை வந்தது: இப்பாட்டின் ஒலிப்பதிவு உரிமை எங்களுடையது, எங்கள் அனுமதியின்றிப் படத்தில் சேர்த்தது செல்லாது.

சட்டப்படி நோக்கினால் செட்டியார் கேட்டதில் பிழையில்லை. விலை கொடுத்து வாங்கிய நிலத்தில் அயலான் உழுதால் எந்தக் காணிக்காரன் சும்மா இருப்பான்? மேலும், அந்த உரிமையை வாங்கிப் பூட்டி வைத்திருந்தவர் அல்லர் அவர். பெருஞ்செலவில் படமெடுத்துப் பட்டிதொட்டியெங்கும் அப்பாட்டைக் கொண்டுபோனவர். ஆனால் தமிழ்நாடு இதனைச் சட்டப்படி நோக்கவில்லை. விடுதலைக்காகப் பாடிய கவிஞனின் பாட்டு, விடுதலை வந்த மறு ஆண்டிலேயே ஒருவர் உத்தரவு பெற்றுப் பாட வேண்டியதாயிற்றா என்ற கேள்வி எழுந்தது. ஊரார் எல்லோரும் நீர் மொண்ட குளத்தைச் சுற்றித் திடீரென்று ஒரு வேலி தெரிந்தது போலிருந்தது. வேலி 1934இலேயே போடப்பட்டதுதான். எவரும் அதில் இடித்துக்கொள்ளாததால் தெரியவில்லை.

கிளர்ச்சி மூண்டது. வ. ரா., நாரண துரைக்கண்ணன் போன்ற எழுத்தாளர் முன்னின்றனர், டி. கே. சண்முகமும் அதில் பெரும்பங்கு கொண்டார். பாரதி பாட்டு நாட்டுடைமையாக வேண்டும் என்று பத்திரிகைகளிலும் கூட்டங்களிலும் கோரினர். ஒரு கவிஞனின் ஆக்கத்தை அரசாங்கமே வாங்கி மக்களுக்குக் கொடுப்பது என்பது அதற்குமுன் இந்நாடு கேள்விப்படாத செய்தி. ஓமந்தூர் ராமசாமி ரெட்டியார் அப்போது சென்னை மாகாணப் பிரதமர். கல்வி அமைச்சர் தி. சு. அவிநாசிலிங்கம் செட்டியார். 1949இல் அரசாங்கம் விசுவநாதையரிடமிருந்து நூலுரிமையைப் பெற்றது; பாரதியாரின் மனைவி செல்லம்மாளுக்கும் இரு புதல்வியருக்கும் உதவித்தொகை அளித்தது. 21 ஆண்டுக்குமுன் பறிமுதல் செய்த அதே செயலகம் இப்போது பணம் கொடுத்து வாங்கியது!

ஒலிப்பதிவு உரிமை எஞ்சியிருந்தது. அது இல்லாமல் நூலுரிமை மட்டும் பெற்றால் மக்கள் பாட்டை வாசிக்கலாம். தட்டில் கேட்கவும் படத்தில் காணவும் முடியாது. மெய்யப்பச் செட்டியார் அவ்வுரிமையை அரசாங்கத்துக்குக் கொடுத்தார். தாம் விலைக்கு வாங்கியதற்கு ஒரு காசும் பெற்றுக்கொள்ளவில்லை.

இது பெருந்தன்மையா, அல்லது மக்கள் கொதிப்பைக் கண்ட வணிகரின் முன்யோசனையா என்று அன்றும் கேட்டனர், இன்றும் கேட்கின்றனர். இரண்டும் கலந்ததே என்று கொள்வது பொருந்தும். ஊரைப் பகைத்துக்கொண்டு ஊருக்குப் படம் காட்ட முடியாது என்பதை அறியாதவர் அல்லர் அவர். ஆயினும் அரசாங்கம் மற்றவர்க்குப் பணம் கொடுக்க முன்வந்திருந்த வேளை அது. கேட்டிருந்தால் அவருக்கும் கிடைத்திருக்கும். சரக்கின் விலையை மற்றெவரையும்விட நன்கறிந்த ஒருவர் விலை சொல்லாமல் விட்டார் என்பதை மறுக்க இயலாது. 1955இல் சென்னை அரசாங்கம் பாரதியாரின் ஆக்கங்கள் அனைத்தையும் மக்களுக்கே பொதுவாக்கியது. அன்றுமுதல் பாரதி பாட்டைத் தட்டில் பதிவோரும் படத்தில் சேர்ப்போரும் வானொலியில் ஒலிபரப்புவோரும் எவரிடமும் கைகட்டி நிற்க வேண்டியதில்லை.

இதற்கிடையில் ஸ்டூடியோ 1948 அளவில் சென்னை வடபழனிக்கு வந்துவிட்டது. ‘வாழ்க்கை’ வைஜயந்திமாலாவை அறிமுகம் செய்தது. அதே கதை தெலுங்கில் ‘ஜீவிதம்’, இந்தியில் 1951இல் ‘பஹார்’ என்று ஆயிற்று. பாட்டைப் போலவே கதையும் ஒரு மொழியிலிருந்து கழற்றி இன்னொரு மொழியில் பூட்டத்தக்கது என்பது அவர் கணக்கு. அது பெரும்பாலும் பொய்க்கவில்லை. 1952இல் பி. ஏ. பெருமாளின் நேஷனல் பிக்சர்ஸுடன் கூடி எடுத்த ‘பராசக்தி’ சிவாஜி கணேசனை உலகுக்குத் தந்தது. மு. கருணாநிதியின் வசனம் பாட்டுக்கு நிகராக மனப்பாடமாயிற்று. தொடக்கத்தில் கணேசனின் மெலிந்த தோற்றத்தில் செட்டியாருக்கு நம்பிக்கையில்லை என்றும், பெருமாளே விடாப்பிடியாக நின்றார் என்றும் கூறுவர். கடையில் பழகிய காது சிறந்ததாயினும் கண் சில வேளை தவறும் போலும்.

அந்த 1952ஆம் ஆண்டு இலங்கை நேயர்களுக்கும் முக்கியமானது. இந்தியாவின் ஒலிபரப்பு அமைச்சரான பி. வி. கேஸ்கர் சினிமாப் பாட்டைத் தரங்குறைந்ததெனக் கருதி அகில இந்திய வானொலியில் அதற்கு இடமில்லாமற் செய்தார். சாஸ்திரிய இசையை வளர்க்க வேண்டும் என்ற அவர் நோக்கம் தவறன்று. கேட்பவன் கையில் திருகு குமிழ் இருக்கிறது என்பதை அவர் மறந்தார். கடலுக்கு அப்பாலுள்ள வீடுகளில் குமிழ் கொழும்புப் பக்கம் திரும்பியது. இலங்கை வானொலியின் வர்த்தக ஒலிபரப்பு அப்போது தொடங்கி 2 ஆண்டே ஆகியிருந்தது. தமிழ்நாட்டுப் படங்களின் பாடல்கள் இலங்கையிலிருந்து ஒலித்துத் தமிழ்நாட்டில் கேட்கப்பட்டன. 1957இல் விவித பாரதியை ஏற்படுத்திய பின்னரே இந்தியா தன் நேயர்களை ஒருவாறு மீட்டுக்கொண்டது.

எங்கும் பாட்டுக்காக மக்கள் இப்படி அலைந்த நாளில், 1954இல், இசைத்தட்டு வணிகரான இம்மனிதர் செய்த காரியம் விந்தையானது. பாட்டே இல்லாத ஒரு தமிழ்ப்படம் எடுத்தார்! நடனமும் இல்லை. ‘அந்த நாள்’ என்பது அதன் பெயர். இயக்கியவர் எஸ். பாலசந்தர், பின்னாளில் வீணை வித்துவானாக உலகப்புகழ் பெற்றவர். பாட்டை விற்றுப் பொருள் சேர்த்தவரும், வீணையே உயிரெனக் கொண்டவரும் கூடிப் பாட்டை விலக்கினர்.

யப்பானியக் குண்டு சென்னையில் விழுந்த 1943 அக்டோபரை ஒட்டி நடக்கும் கதை. ராஜன் என்னும் வானொலி எஞ்சினியர் சுட்டுக் கொல்லப்படுகிறான். கொன்றவர் யார்? விசாரிக்கப்படும் ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாய்ச் சொல்கின்றனர். அவன் தன் கலையைப் பகைவருக்கு நாட்டைக் காட்டிக்கொடுக்கப் பயன்படுத்தியவன் என்பது முடிவில் தெரிகிறது. குரோசாவாவின் ‘ராஷோமோன்’ என்ற யப்பானியப் படம் பாலசந்தருக்கு இவ்வெண்ணத்தைத் தந்தது. முதலில் வானொலி நாடகமாகவே இதனை எழுதினார் என்றும், அவ்வடிவில் அது ஏற்கப்படவில்லை என்றும் சொல்வர். கணேசனும் பண்டரிபாயும் நடித்தனர். கொட்டகைக்கு வந்தோர் பாட்டு எப்போது வரும் என்று காத்திருந்து ஏமாந்தனர். சிலர் காசைத் திருப்பிக் கேட்டனர். வசூல் இல்லை. ஆனால் தேசிய விருதுகளில் தகுதிச் சான்றிதழ் பெற்றது. ஆண்டு செல்லச் செல்லத் தமிழின் தலைசிறந்த படங்களுள் ஒன்றாக மதிக்கப்பட்டது.

பாட்டில்லாப் படத்துக்கும் பின்னணி இசை வேண்டுமே. அதனை அமைத்தது சரஸ்வதி ஸ்டோர்ஸ் வாத்தியக் குழு.

பிற்கால வெற்றிகளை விரிவாகச் சொல்ல வேண்டியதில்லை. 1956இல் ராஜ் கபூரும் நர்கிஸும் நடித்த ‘சோரி சோரி’ என்ற இந்திப் படம், 1957இல் பிரதமரின் தங்கப் பதக்கம் பெற்ற ‘ஹம் பஞ்சி ஏக் டால் கே’ என்ற சிறுவர் படம், 1960இல் கமல்ஹாசன் என்னும் சிறுவனைக் காட்டிய ‘களத்தூர் கண்ணம்மா’, 1966இல் எம். ஜி. ஆர். நடித்து வண்ணத்தில் வந்த ‘அன்பே வா’. நிருவாகம் மெல்ல மெல்ல மக்கள் கைக்கு மாறியது. அரக்குத் தட்டின் காலமும் 1960களோடு முடிந்தது. நீண்டநேரம் ஓடும் பிளாஸ்டிக் தட்டும், பின்னர் ஒலிநாடாவும் வந்தன. மெய்யப்பச் செட்டியார் 1979 ஆகஸ்ட் 12ஆம் நாள் தம் 72ஆவது வயதிற் காலமானார்.